அச்சாரம் கொடுத்த வீடு

கிரயம் எழுதுவது வேறு; கிரயத்துக்கு ஒப்பந்தம் எழுதுவது வேறு. இரண்டுக்கும் இடையிலுள்ள தொலைவைச் சரியாக அறிந்தவர்கள் சிவில் நீதிமன்றத் தாழ்வாரத்தில் வாய்தாவுக்காகக் காத்து நிற்பவர்கள்தாம். நான் சட்டம் படித்தவன் அல்லன். சட்டம் படித்தவர்களுக்குக் காகிதம் எடுத்துக் கொடுத்தவன். மாவட்டத் தலைநகர் ஒன்றில் வக்கீல் குமாஸ்தாவாக முப்பத்தாறு ஆண்டுகள் கட்டுகளைச் சுமந்து நடந்திருக்கிறேன். அக்கட்டுகளில் நம் சமுதாயத்தார் பெயர் தாங்கியவை சில உண்டு. அவற்றில் பெரும்பாலானவை உறவினர் உறவினர்மேல் தொடுத்தவை. அந்நியரோடு வழக்காடும் துணிவு நமக்குக் குறைவு என்பதால் அன்று. வீட்டை நாம் உறவினரிடமே வாங்குகிறோம், உறவினருக்கே விற்கிறோம் என்பதால்.

அச்சாரம் கொடுத்த அன்றே, "அல்ஹம்து லில்லாஹ், வீடு வாங்கிவிட்டேன்" என்று சொல்லி இனிப்பு வழங்குவது நம் வழக்கம். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் 54ஆம் பிரிவில் ஐயத்துக்கு இடமின்றிக் கூறுகிறது: நூறு ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள வீடோ நிலமோ பதிவு செய்த பத்திரத்தாலேயே கைமாறும், விற்பதாகச் செய்துகொள்ளும் ஒப்பந்தம் தன்னளவில் அச்சொத்தில் எந்த உரிமையையும் உண்டாக்காது. ஒப்பந்தம் கையில் வைத்திருப்பவருக்கு வீடு சொந்தமில்லை. "எனக்குக் கிரயப் பத்திரம் எழுதிக்கொடு" என்று கேட்கும் உரிமை மட்டுமே சொந்தம். எதிரி எழுதித்தர மறுத்தால், எழுதித்தரச் செய்யுமாறு நீதிமன்றத்தை நாடலாம். இதற்குத் தமிழில் எழுதப்படும் பிராதுகளில் 'ஏற்றதை ஆற்றுதல்' என்று பெயர். வக்கீல்கள் 'ஸ்பெஸிபிக் பெர்பார்மன்ஸ்' என்பார்கள். இப்பரிகாரத்தை வகுப்பது 1963ஆம் ஆண்டின் 'ஸ்பெஸிபிக் ரிலீஃப் ஆக்ட்'.

ஏற்றதை ஆற்றுதல் என்ற சொற்றொடரைக் கேட்டதும், ஏற்றவர் விற்பவர், ஆற்றவேண்டியவரும் அவரே என்றுதான் எல்லோரும் எண்ணுகிறார்கள். வழக்காட வருபவர்கள் ஒப்பந்தத்தை மேசைமேல் விரித்து, விற்பவரின் கையொப்பத்தை விரலால் தொட்டுக் காட்டுவார்கள். "அவர் கையெழுத்தேதான், மறுக்க முடியுமா?" என்பார்கள். பெரும்பாலும் அவர் மறுப்பதில்லை. அவருடைய வக்கீல் குறுக்கு விசாரணைக்கு எழுந்து நின்றால், அக்கையொப்பத்தைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்காமல் போவதும் உண்டு. அவர் கேட்பது வேறு. "மீதிப் பணம் அன்று உம்மிடம் இருந்ததா? இருந்தது என்றால் எங்கே இருந்தது? கிரயத்துக்கு வா என்று எப்போது, எதன் மூலம் அழைத்தீர்?"

அச்சட்டத்தின் 16ஆம் பிரிவு வாதியிடம் இதைத்தான் எதிர்பார்க்கிறது. தான் ஏற்ற கடமையை ஆற்ற, ஒப்பந்த நாள் தொட்டு இடையறாமல் ஆயத்தமாகவும் விருப்பமாகவும் இருந்ததை அவர் மெய்ப்பிக்க வேண்டும். ஆயத்தம் என்பது பணத்தைப் பற்றியது. விருப்பம் என்பது நடத்தையைப் பற்றியது. முழுத்தொகையையும் நீதிமன்றத்தில் கொண்டுவந்து கொட்டவேண்டும் என்பதில்லை. நீதிமன்றம் கட்டச் சொன்னாலன்றிக் கட்டவும் வேண்டா. ஆனால் கட்டும் வசதி இருந்தது என்பதற்குச் சான்று வேண்டும்.

என் ராத்தாவின் கணவருடைய கட்டை நானே சுமந்தேன். மச்சான் அப்போது தம்மாமில் வேலை பார்த்து வந்தார். மூத்த மகளுக்கு நிக்காஹ் பேசுமுன் ஒரு வீடு வேண்டும் என்பது ராத்தாவின் கவலை. பெண்ணுக்கு வீடு கொடுப்பது எங்கள் கடலோர ஊரின் பழைய வழக்கம். வீடில்லாத வீட்டில் பெண் கேட்டு வருவோர் குறைவு. மச்சானின் பெரியம்மா மகன் தம் பெயரில் தனித்திருந்த வீட்டை 9 லட்சத்துக்குத் தர ஒப்பினார். 2004 மார்ச் மாதம் ஒப்பந்தம் எழுதினார்கள். அச்சாரம் 2 லட்சம். மீதியைக் கொடுத்துக் கிரயம் முடிக்க ஆறு மாதம். செப்டம்பர் வந்தது. விடுப்புக் கிடைக்கவில்லை என்று மச்சான் தொலைபேசியில் சொன்னார். "அதனாலென்ன காக்கா, நமக்குள் தேதி என்ன தேதி?" என்றார் அவர். 2005இல் மச்சான் ஊர் வந்தார். "நோன்புப் பெருநாள் போகட்டும்" என்றார் அவர். 2006இல் வந்தார். "பிள்ளைகளின் பரீட்சை முடியட்டும்" என்றார். ஒவ்வொரு முறையும் மச்சான் 'சரி' என்றே திரும்பினார். வந்ததற்கும் காகிதம் இல்லை, கேட்டதற்கும் இல்லை, 'சரி' என்றதற்கும் இல்லை. இதற்கிடையில் ஊரில் மனை விலை ஏறிக்கொண்டே போயிற்று.

வக்கீல் நோட்டீஸ் கொடுத்துவிடுங்கள் என்று நானும் எங்கள் வக்கீலும் சொன்னோம். மச்சான் முகம் சுருங்கியது. "தம்பிக்கு நோட்டீஸ் அனுப்பிவிட்டு, மறுநாள் சுபுஹில் அவனோடு ஒரே ஸஃப்பில் எப்படி நிற்பது?" என்றார். இக்கேள்விக்குச் சட்டத்தில் விடை இல்லை. நீதிபதியும் இதைக் கேட்கப் போவதில்லை. ஆனால் நம் குடும்ப வழக்குகளில் பாதி இக்கேள்வியின் நிழலிலேயே மூன்றாண்டுகளை இழக்கின்றன. 1963ஆம் ஆண்டின் காலவரைச் சட்டத்தில் 54ஆம் இனம் இப்பரிகாரத்துக்கு மூன்றாண்டுக் கெடு வைத்திருக்கிறது. ஒப்பந்தத்தில் தேதி குறித்திருந்தால் அத்தேதியிலிருந்து. குறிக்கவில்லையெனில், விற்பவர் மறுத்தார் என்பதை வாங்குபவர் அறிந்த நாளிலிருந்து. உறவுக்காரர் ஒருபோதும் மறுப்பதில்லை, நாளை என்பார். ஒப்பந்தத்திலோ தேதி இருக்கிறது.

2007 ஜூலையில்தான் மச்சான் மனம் மாறினார். நோட்டீஸ் போயிற்று. "காலக்கெடு கடந்தது, ஒப்பந்தம் முறிந்தது" என்று பதில் வந்தது. ஆகஸ்டில், கெடு முடிய ஒரு மாதம் இருக்கையில், வழக்குத் தொடுத்தோம். அந்நாளில் கோர்ட்டுக் கட்டணம் ஏறத்தாழ ஏழரை விழுக்காடு. அதுவும் மீதித் தொகைக்கன்று, கிரயத் தொகை முழுவதற்கும். 67,000 ரூபாய்க்கு மேல் கட்டணமாகவே போயிற்று. (2017இல் தமிழ்நாட்டில் இது மூன்று விழுக்காடாகக் குறைக்கப்பட்டது. அதனால் பயன்பெற மச்சான் பத்தாண்டு முந்திவிட்டார்.)

சாட்சிக் கூண்டில் மச்சான் பொய் சொல்லவில்லை. 2004 செப்டம்பரில் மீதி 7 லட்சம் எங்கே இருந்தது என்று கேட்டபோது, தம்மாமில் நண்பர் ஒருவரிடம் கொடுத்து வைத்திருந்ததாக உண்மையைச் சொன்னார். நண்பரும் உண்மையானவரே. ஆனால் அவர் நீதிமன்றத்துக்கு வரவில்லை. வந்திருந்தாலும் காட்டக் காகிதம் இல்லை. வங்கிப் புத்தகத்தில் அந்த மாதம் 40,000 ரூபாய் இருந்தது. 2011இல் தீர்ப்பு வந்தது. ஒப்பந்தம் உண்மை, அச்சாரம் உண்மை, வாதியின் ஆயத்தம் மெய்ப்பிக்கப்படவில்லை, தாமதத்துக்கு விளக்கமில்லை, எனவே கிரயத்துக்கு உத்தரவிட இயலாது, 2 லட்சத்தை வட்டியோடு திருப்பித் தருக. திருப்பித் தரும் உத்தரவாவது கிடைத்ததற்குக் காரணம், பிராதில் எங்கள் வக்கீல் அதை மாற்றுப் பரிகாரமாக முன்னரே கேட்டு வைத்திருந்ததுதான். கேளாத அச்சாரத்தை நீதிமன்றம் தானாகக் கொடுப்பதில்லை. 22ஆம் பிரிவு அப்படி. வட்டியோடு வந்த அப்பணத்தால் 2011இல் எங்கள் தெருவில் ஒரு திண்ணைகூட வாங்கியிருக்க முடியாது. மேல்முறையீட்டுக்கு மறுபடியும் கட்டணம் கட்டவேண்டும். மச்சான் வேண்டாம் என்றார்.

அத்தீர்ப்பை எழுதிய நீதிபதி புதிதாக ஒன்றும் சொல்லிவிடவில்லை. மதுரை நகர வீடொன்றைப் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 1997இலேயே இவ்வழியைக் காட்டியிருந்தது. அங்கே 1978 டிசம்பரில் ஒப்பந்தம். விலை 60,000 ரூபாய், அச்சாரம் 5,000, கெடு ஆறு மாதம். வாங்குபவர் ஏறக்குறைய இரண்டரை ஆண்டு வாளாவிருந்தார். வீடு, நிலம் பற்றிய ஒப்பந்தங்களில் காலம் உயிர்நாடியன்று என்னும் பழைய கொள்கை, விலைகள் அசையாதிருந்த நாளில் பிறந்தது; நகர்ப்புற விலை தாவியேறும் காலத்தில் நீதிமன்றம் அதைக் கண்ணை மூடிக்கொண்டு பின்பற்ற இயலாது என்று கூறி, கிரயப் பரிகாரத்தை உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. சிறு அச்சாரத்தைக் கொடுத்துவிட்டு, விலை ஏறுமா இறங்குமா என்று கரையில் நின்று பார்ப்பவருக்கு இத்தீர்ப்பு நியாயமானதே. மச்சான் அப்படிப்பட்டவர் அல்லர் என்பதை நான் அறிவேன். ஆனால் அவரையும் அத்தகையவரையும் பிரித்துக் காட்டும் அடையாளம் ஒன்றும் கட்டில் இல்லை.

2018ஆம் ஆண்டு இச்சட்டத்தைத் திருத்தினார்கள். அவ்வாண்டு அக்டோபர் 1 முதல் அது நடப்புக்கு வந்தது. அதற்கு முன்பு, எல்லாம் சரியாக இருந்தும்கூட நீதிபதி தம் விருப்புரிமையால் பரிகாரத்தை மறுக்கலாம். திருத்தத்துக்குப் பின், சட்டம் குறிக்கும் விலக்குகள் நீங்கலாக, ஒப்பந்தத்தை நிறைவேற்றியே ஆகவேண்டும். சம்மன் சேர்ந்த நாளிலிருந்து பன்னிரண்டு மாதத்துக்குள் வழக்கை முடிக்கவேண்டும் என்றும், தேவையானால் மேலும் ஆறு மாதம் நீட்டிக்கலாம் என்றும் எழுதியிருக்கிறார்கள். படித்தபோது சிரித்துக்கொண்டேன், எழுதியவர்கள் எங்கள் தாழ்வாரத்தைப் பார்த்ததில்லை போலும். எனினும் வாங்குபவருக்கு இது பெரிய உதவியே. இதைக் கேள்விப்பட்ட சிலர், இனி ஒப்பந்தம் இருந்தால் போதும் என்று பேசுகிறார்கள். போதாது. ஆயத்தத்தையும் விருப்பத்தையும் மெய்ப்பிக்கும் கடமையைத் திருத்தம் தொடவில்லை. 16ஆம் பிரிவில் அது அப்படியே நிற்கிறது. மூன்றாண்டுக் கெடுவும் அசையவில்லை.

எப்படி மெய்ப்பிப்பது என்பதைக் கற்றுத் தந்தவர் கையெழுத்துக்கு மேல் எழுதப் படிக்கத் தெரியாத கருவாட்டு வியாபாரி ஒருவர். 1987இல் அவர் 85,000 ரூபாய்க்கு ஒரு கடைக்கட்டடம் ஒப்பந்தம் செய்திருந்தார். விற்பவரின் பேச்சு கெடு நெருங்க நெருங்க மெல்ல மாறுவதைக் கண்டுகொண்டார். கடைசி நாளன்று காலை பத்து மணிக்கே சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்துவிட்டார். தம் பெயருக்கு வாங்கிய முத்திரைத்தாள், மீதித் தொகைக்கு வங்கி வரைவோலை, எழுதி முடித்த கிரய நகல் எல்லாம் கையில். விற்பவர் வரவில்லை. வியாபாரி அங்கேயே அச்சொத்துக்கு வில்லங்கச் சான்று கேட்டு மனுப் போட்டு, அன்றைய தேதியிட்ட ரசீது பெற்றார். பகலுணவுக்கும் போகவில்லை. மாலையில் பக்கத்துத் தபாலாபீசிலிருந்து, 'வந்தேன், காத்திருந்தேன், நீர் வரவில்லை' என்று தந்தி கொடுத்தார். அத்தந்தி நகலும் ரசீதும் முத்திரைத்தாளும் வழக்கில் சான்றாவணங்களாயின. குறுக்கு விசாரணையில் அவரிடம் கேட்க எதிர்த்தரப்புக்கு அதிகம் இருக்கவில்லை. தந்திச் சேவை 2013 ஜூலையோடு நின்றுவிட்டது. வரைவோலையும், வங்கிக் கணக்கும், ஒப்புகையோடு செல்லும் தபாலும் இன்றும் இருக்கின்றன.

அவர் வென்றார் என்றால் உடனே கடை திறந்தார் என்று பொருளன்று. 1991இல் தீர்ப்பு, அதன்மேல் முதல் மேல்முறையீடு, உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு, 2002இல்தான் முடிந்தது. நீதிமன்றம் குறித்த தவணைக்குள் மீதிப் பணத்தைக் கட்டினார். இங்கே தவறுவோரும் உண்டு. தீர்ப்பு வந்துவிட்டது என்று உறங்கிவிட்டால், 28ஆம் பிரிவின்படி ஒப்பந்தத்தையே ரத்து செய்யக் கோரி விற்பவர் மனுச் செய்யலாம். வியாபாரி உறங்குபவர் அல்லர். அதன் பிறகும் எதிரி கையெழுத்திட மறுத்ததால், நிறைவேற்று மனுப் போட்டோம். நகல் பத்திரத்தை எதிரிக்குச் சார்பு செய்து, ஆட்சேபணை கேட்டு, கடைசியில் எதிரிக்குப் பதிலாக நீதிமன்றமே கையொப்பமிட்டுக் கிரயம் எழுதிக் கொடுத்தது. பதிவு முடிந்து பத்திரம் கைக்கு வந்த அன்று அவர் அதை வெகுநேரம் தலைகீழாகப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். திருப்பிக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.

நம் குடும்பங்களுக்கே உரிய வேறொரு சங்கடத்தையும் இங்கே சொல்லவேண்டும். ஒப்பந்தத்தில் கையொப்பமிடுபவர் எதை விற்க ஒப்புகிறார்? வாப்பா மவுத்தானதும் மூத்த மகன் பொறுப்பேற்கிறான். வீட்டுவரி ரசீது அவன் பெயருக்கு மாறுகிறது. வீட்டை விற்க அவனே பேசுகிறான், அவனே கையெழுத்திடுகிறான். ராத்தாமார்களைக் கேட்டீர்களா என்றால், "அவங்க நம்ம சொல்லைத் தட்டமாட்டாங்க" என்பது விடை. நம் ஷரீஅத்தில் கூட்டுக் குடும்பத் தலைவன் என்று எல்லோர் பங்கையும் விற்க உரிமை பெற்ற ஒருவன் இல்லை. வாப்பாவின் மூச்சு நின்ற கணமே ஒவ்வொரு வாரிசுக்கும் அவரவர் பங்கு தனியே சேர்ந்துவிடுகிறது. பெற்றோர் முன்பே மறைந்த ஒருவர் மனைவியையும் ஒரு மகனையும் இரண்டு பெண்மக்களையும் விட்டுச் சென்றார் என்று கொள்வோம். மனைவிக்கு எட்டில் ஒன்று. மீதியில் மகனுக்கு இரட்டைப் பங்கு, மகள்களுக்கு ஒற்றைப் பங்கு. வீட்டை 32 கூறாக்கினால் உம்மாவுக்கு 4, மகனுக்கு 14, பெண்களுக்கு ஏழேழு. வீடு முழுவதையும் விற்பதாகக் கையெழுத்திட்ட மகனுக்கு வீட்டில் பாதிகூட இல்லை.

அவ்வொப்பந்தத்தை வைத்துக்கொண்டு நீதிமன்றம் சென்றால், அவன் கூறுக்கு மேல் கிரயம் கேட்க வழியில்லை. பகுதியை மட்டும் நிறைவேற்றித் தரச் சட்டத்தின் 12ஆம் பிரிவில் இடமுண்டு. ஆனால் மீதியைப் பற்றிய கோரிக்கைகளையெல்லாம் விட்டுவிட வேண்டும். பிறகு பிரியாத வீட்டில் 14 கூறுக்கு உரிமையாளராகிப் பாகப்பிரிவினை வழக்கொன்று தொடங்கவேண்டும். வாரிசுகளில் ஒருவர் சிறுவராயின் சிக்கல் இன்னும் இறுகும். சிறுவரின் நிலபுலத்தை விற்கும் அதிகாரம் தாய்க்கோ தமையனுக்கோ தாமாக இல்லை. இலண்டன் பிரிவி கவுன்சில் 1918இலேயே இதை அறுதியிட்டுவிட்டது. நீதிமன்றத்தை நாடிக் காப்பாளராக நியமனமும் விற்பதற்கு அனுமதியும் பெற்றாலன்றி அத்தகைய விற்பனை செல்லாது.

பெண்களின் கூறுகளைக் கேளாமல் விடுவதை நாம் பாசம் என்று அழைக்கிறோம். வழக்கு வந்ததும் அதே பெண்களை எதிரிகளாகச் சேர்த்து, சம்மன் அனுப்பி, சாட்சிக் கூண்டில் நிறுத்துகிறோம். கடனைக் கெடு குறித்து எழுதிவைக்கச் சொல்லும் வசனமே திருமறையின் மிக நீண்ட வசனம் என்பதை எந்த ஆலிமும் மேடையில் சொல்லத் தவறுவதில்லை. தலையசைத்துக் கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்து, 'நமக்குள் என்ன எழுத்து' என்கிறோம்.

ஒப்பந்தத்தைப் பதிவு செய்வது பற்றியும் பலர் கேட்கிறார்கள். 2012 டிசம்பர் 1 முதல் தமிழ்நாட்டில் கிரய ஒப்பந்தங்களைப் பதிவு செய்வது கட்டாயமாக்கப்பட்டது. பதியாத ஒப்பந்தம் குப்பைதானா என்றால், அல்ல. ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கில் அதனைச் சான்றாக ஏற்கலாம் என்று தமிழ்நாட்டிலிருந்து சென்ற வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 2023இல் கூறியிருக்கிறது. ஆயினும் பதிவின் பயன் வேறிடத்தில் இருக்கிறது. ஒப்பந்தம் இருப்பதை அறியாமல், நல்லெண்ணத்தோடு, விலை கொடுத்து மூன்றாமவர் அவ்வீட்டை வாங்கிவிட்டால் அவரைச் சட்டம் காக்கிறது. பதிவு செய்த ஒப்பந்தமோ வில்லங்கச் சான்றில் தெரியும்; அறியேன் என்று எவரும் சொல்ல முடியாது.

மச்சானும் அவர் தம்பியும் 2007க்குப் பிறகு பேசிக்கொள்ளவில்லை. 2013இல் மச்சானின் உம்மா மவுத்தானபோது, தம்பி வந்து சந்தூக்குக்குத் தோள் கொடுத்தார். மையவாடி வரை இறக்கவில்லை. அடக்கம் முடிந்து துஆ ஓதிய பின் ஒரு சொல்லும் சொல்லாமல் போய்விட்டார். அந்த வீட்டில் இப்போது அவருடைய மகள் வாழ்கிறாள்.

சென்ற மாதம் மச்சானின் இளைய மகன் என்னிடம் வந்தான். அடுத்த தெருவில் ஒரு வீடு. விலை பேசி முடிந்துவிட்டது. அச்சாரத் தொகை வங்கியில் ஆயத்தமாக இருக்கிறது. விற்பவர்கள் ஓர் அண்ணனும் மூன்று சகோதரிகளும். அண்ணன் கையெழுத்திடத் தயார். இரண்டு சகோதரிகள் உள்ளூரில் இருக்கிறார்கள். சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வர ஒப்பிவிட்டார்கள். கடைசித் தங்கை கோலாலம்பூரில். அவர் அங்கே இந்தியத் தூதரகத்தில் அதிகாரப் பத்திரம் எழுதி, சான்றொப்பம் பெற்று அனுப்பவேண்டும். இங்கே வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் அதற்கு முத்திரைத் தீர்வை செலுத்தவேண்டும். "அதற்குள் வேறு யாராவது வாங்கிவிட்டால்?" என்றான். வாங்கட்டும் என்றேன். அச்சாரம் இன்னும் கொடுக்கவில்லை, தபாலை எதிர்பார்த்திருக்கிறோம்.